துபாய்வரை ஒரு ‘னா’

ஞாயிறு பிற்பகல் இரண்டு மணிக்கு அல் ஐனில் துபாய் பஸ் ஏறினோம். கட்டணம் இருபத்தைந்து திர்ஹாம். தூரம் ஏறக்குறைய நூற்று நாற்பது கிலோமீட்டர். உடன் வந்தவர் முருகேசன் அண்ணன், ஆலங்குடிக்காரர். ஓர் அரபு வீட்டில் டிரைவர். லீவு நாளில் அந்த வீட்டு வண்டியைத் தொடமாட்டார்.

நாங்கள் பார்க்கப் போனது இன்ஸாஃப் என்ற எகிப்திய நடிகையை. அன்று மாலை துபாயில் அவருடைய பழைய படமொன்றைத் திரையிட்டு அவரைக் கௌரவிக்க இருந்தார்கள். குழந்தையாகத் திரைக்கு வந்து, இருபது வயதில் அரபு நாடுகளையே மயக்கியவர். உச்சத்தில் இருக்கும்போதே கல்யாணம் செய்துகொண்டு, இனிப் படமே வேண்டாம் என்று போய்விட்டார். பல வருடம் கழித்து அம்மா வேடங்களில் திரும்பி வந்தார்.

அண்ணனின் முதலாளியம்மாவுக்கு அதில் தீராத கோபம். சொல்லாமல் விட்டுப்போனவளின் புதுப் படம் எதையும் பார்ப்பதில்லை என்று இருந்துவிட்டார். பழைய படங்கள் மட்டும் வீட்டில் தினமும் ஓடும். கூட உட்கார்ந்து பார்த்துத்தான் அண்ணன் அரபு கற்றார். அதனால் இந்த மீசைக்காரர் பேசுவதெல்லாம் கதாநாயகியின் அரபு. கோபத்தில் இருக்கும் ஆண் தன்னை ‘ஸஅலான்’ என்பான். பெண் ‘ஸஅலானா’ என்பாள். அண்ணனுக்கு எப்போதும் ‘னா’தான். மார்க்கெட்டில் காய்கறி விற்பவர்கூடச் சிரிப்பார்.

இப்போது அந்தம்மா படுத்த படுக்கை. அண்ணனிடம் ஒரே வாக்கியம் சொல்லி அனுப்பியிருந்தார்: “எனக்கு உன்மேல் கோபமில்லை.” அதற்குப் பதிலும் வாங்கி வரவேண்டும்.

“அத்தன பேரு முன்னாடி ‘னா’ போட்டேன்னா மானம் போயிரும் தம்பி. சரியா வருதான்னு கேளுங்க” என்று வழியெல்லாம் ஒத்திகை பார்த்தார். முன் சீட்டு எகிப்துக்காரர் திரும்பித் திரும்பி, “ஸஅலான், ஸஅலான்” என்று திருத்தினார். பாலைவனத்தை நான் சரியாகப் பார்க்கவே இல்லை.

நான்கு மணிக்கு துபாயின் குபைபா பஸ் நிலையத்தில் இறங்கி, டாக்சி பிடித்து அரங்குக்குப் போனோம். படத்தில் இன்ஸாஃப் ஒன்றும் பேசாமல் ஜன்னல் பக்கம் திரும்பும் காட்சி ஒன்று. அரைகுறை அரபு தெரிந்த எனக்கே அந்த மனது புரிந்தது. மதுரையில் கட்டவுட்டுக்குப் பால் ஊற்றியவன் நான். ஒரு முகத்துக்காக அரங்கமே மூச்சடக்கி இருந்ததை அன்றுதான் கண்டேன்.

படம் முடிந்ததும் கைத்தடியோடு அவரே வந்து உட்கார்ந்தார். மெலிந்த உடம்பு, அதே கண்கள். கும்பிடத்தான் தோன்றியது.

அவரிடம் பேச நின்ற வரிசையில் அண்ணனின் முறை வந்தது. முதலாளியம்மாவின் பெயரைச் சொல்லி, அவர் சொல்லச் சொன்னது இது என்றார். அடுத்து வந்த ‘கோபமில்லை’யில் மறுபடியும் அதே “ஸஅலானா!”

எல்லோரும் சிரித்துவிட்டார்கள். அண்ணன் தலை குனிந்துவிட்டது. நடிகை கையை உயர்த்தினார்.

“ஏன் சிரிக்கிறீர்கள்? பேசுவது ஒரு பெண். இவர் அவளுடைய பேச்சை அப்படியே கொண்டுவந்திருக்கிறார்.”

பதிலைப் பதிவுசெய்ய அண்ணன் போனை நீட்டினார். நடிகை அதை இரண்டு கையாலும் வாங்கிக்கொண்டு மெல்லப் பேசினார்: “கண்ணே, படங்களை விட்டுப் போன நாளிலிருந்து எனக்கே என்மேல் கோபம் இருந்தது. நீ சொன்ன பிறகு அது இல்லை.”

வெளியே வந்ததும் அந்தக் குரல் பதிவை அல் ஐனுக்கு அனுப்பினோம். டாக்சிக்குக் காத்து நிற்கும்போது முதலாளியம்மாவே கூப்பிட்டார். அழுதிருக்கிறார் என்பது குரலில் தெரிந்தது.

“அவள் அம்மாவாக நடித்த படம் எத்தனை இருக்கிறது?”

அண்ணன் கண்ணைத் துடைத்துக்கொண்டு, நிறைய இருக்கிறது என்றார்.

“யல்லா, சீக்கிரம் வா. எல்லாவற்றையும் பார்க்கவேண்டும்.”