அட்டை போடாத பேச்சு

புலம்பெயர்ந்து வந்த மில்லிக்கன் ஊரில், தமிழ் முதியோர் சங்கத்தில் மாதம் ஒரு படம் போடுவது என் பொறுப்பு. ஒருமுறை பழைய மௌனப்படம் ஒன்று, காதல் நகைச்சுவை, போட்டேன். இடையிடையே அட்டைகளில் எழுத்தாக வரும் ஆங்கில வசனங்களை மைக்கில் தமிழில் வாசித்தேன்.

முன்வரிசையில், வழக்கமாக வரும் ஓர் அம்மா கணவரோடு இருந்தார். ஒடிசலான உருவம். கைப்பையின் ஸிப்பைத் திறந்து திறந்து மூடிக்கொண்டே இருப்பார். அவரிடம் எதைக் கேட்டாலும் கணவர்தான் பதில் சொல்வார்: "அவ தேத்தண்ணி குடிக்கமாட்டா."

திரையில் கதாநாயகிக்காகத் தகப்பனும் காதலனும் சண்டை பிடித்தார்கள். மண்டபமே சிரித்தது. அந்த அம்மா விறுக்கென்று எழுந்தார்.

"தம்பி, உந்தப் படத்தை நிப்பாட்டும்! அந்தப் பிள்ளை அப்ப தொடக்கம் கதைச்சுக்கொண்டு நிக்குது. நீர் ஏன் ஒண்டும் வாசிக்கேல்லை?"

"அவவுக்கு அட்டை போடேல்லை, அன்ரி."

"அட்டை போடாட்டி அவள் கதைக்கேல்லையோ?"

"இரும், இரும்" என்று கணவர் கையைப் பிடித்து இழுத்தார்.

"நீங்கள் சும்மா இருங்கோ!" அம்மா உதறினார்.

எனக்கும் சுள்ளென்று வந்தது. "மற்ற ஆக்களைப் படம் பாக்க விடுங்கோ" என்று மைக்கிலேயே சொல்லிவிட்டேன். அவர் கைப்பையை எடுத்துக்கொண்டு பனிக்குள் இறங்கிப் போனார்.

படம் முடிந்த பின்புதான் எனக்கு உறைத்தது. கோபம் என் பக்கம் திரும்பியது. மன்னிப்புக் கேட்கலாமென்று, அவர் பெயரைத் தேடி வரவுப் பதிவேட்டைத் திறந்தேன். கணவரின் முழுப்பெயருக்குப் பக்கத்தில், என் கையெழுத்தில், "மனைவி" என்று மட்டும் இருந்தது.