மெலினா இருக்கா?

மேலூர் பஸ் நிலையத்துக்கு எதிரே இருக்கும் பேன்சி ஸ்டோருக்குள் நான் முதன்முதலாக நுழைந்தது ஒரு பிரா வாங்க. போட்டிருந்ததன் தோள்பட்டி பஸ்ஸிலேயே அறுந்துவிட்டது. நேராகப் போய் வேண்டியதைக் கேட்டேன். கல்லாவில் இருந்தவர் அவசரமாகச் செல்போனைப் பார்க்கத் தொடங்கினார். வளையல் அடுக்கிக்கொண்டிருந்த பெண் எழுந்து வந்தார்.

"மெலினாவா? உள்ள வாங்க பாப்பா."

திரைக்குப் பின்னால் அவர் எடுத்துக் காட்டிய பெட்டியில் வேறு ஏதோ பெயர் அச்சாகியிருந்தது.

"இது மெலினா இல்லையே அக்கா."

"எல்லாம் மெலினாதேன்" என்று சிரித்தார். சிரிப்பு நின்ற பிறகும் பெட்டியை என்னிடம் தராமல் கையிலேயே வைத்திருந்தார்.

பல வருஷம் ஊர் சுற்றிவிட்டுத் தல்லாகுளத்தில் அம்மா வீட்டுக்குத் திரும்பியிருந்தேன். ஓரிடத்தில் இருக்க முடியாமல், கிடைத்த பஸ்ஸில் ஏறி இறங்கிக்கொண்டிருந்த நாட்கள் அவை. இந்தத் துணியை எத்தனையோ ஊர்களில் எத்தனையோ விதமாகக் கேட்டு வாங்கியிருக்கிறேன். மேலூரிலும் அதைச் சுற்றிய கிராமங்களிலும் மட்டும் அதற்கு மெலினா என்று பெயர். கீழவளவில் ஒரு வீட்டுக் கொல்லையில் ஒரு தாய் மகளை அதட்டுவதை நானே கேட்டிருக்கிறேன்: "ஏய், மெலினா மேல துண்டப் போட்டுக் காயப் போடுடி, ஆம்பளைக நடமாடுறாக!" அந்தக் கொடியில் காய்ந்ததும் மெலினா இல்லை. அந்தப் பெயரில் சரக்கு வருவது நின்று வெகுகாலமாகிவிட்டது.

அந்தப் பெயர் எப்படி வந்தது என்று கேட்கத்தான் மறுபடி மறுபடி அந்தக் கடைக்குப் போனேன். வளையல் அடுக்கிய அந்தப் பெண், முத்துமீனா அக்கா, ஒரே மூச்சில் சொல்லவில்லை. வளையல் துடைக்கும்போது கொஞ்சம், டீ வரும்போது கொஞ்சம்.

அவர் கீழவளவுக்காரர். அப்பாவும் அம்மாவும் அடுத்தவர் வயலில் வேலை பார்த்தவர்கள். பன்னிரண்டாவது முடித்ததும் இந்தக் கடையில் சேர்ந்தார். முதலாளி சிவக்குமார், அவர் மனைவி சரண்யாதேவி, முத்துமீனா என்று கடையில் மூன்று பேர். அப்போதெல்லாம் உள்ளாடை வாங்க வருகிற பெண்கள் முதலில் ஹேர்பின் கேட்பார்கள், பிறகு ரிப்பன் கேட்பார்கள், கடையிலிருக்கும் ஆண்கள் வெளியேறும்வரை பொட்டு அட்டைகளைப் புரட்டிக்கொண்டே நிற்பார்கள். கடைசியில் தோளை லேசாகத் தொட்டுக் காட்டுவார்கள். வாய் திறந்து சொல்ல ஒரு சொல் இல்லை. இருந்த சொல்லைச் சொல்லக் கூச்சம். வர முடியாதவர்கள் கணவனை அனுப்புவார்கள். அவர் மனைவியின் அளவு ஜாக்கெட்டை மஞ்சப்பையில் சுருட்டிக்கொண்டு வந்து, "இதுக்கு உள்ள போடுறது ஒண்ணு குடுங்கண்ணே" என்பார். சிவக்குமார் பையைத் திறந்துகூடப் பார்க்காமல் ஒன்றை எடுத்துப் பேப்பரில் சுற்றிக் கொடுப்பார். அது இறுக்கினாலும் தொளதொளத்தாலும், வாங்கியவள் கிழியும்வரை போட்டுக்கொண்டிருப்பாள்.

அந்தச் சமயத்தில்தான் ஆல்பின் வந்தார். தேனிப் பக்கத்துக்காரர். கோரிப்பாளையத்தில் அறை எடுத்துத் தங்கி, திருப்பூரில் புதிதாகத் தொடங்கிய ஒரு சின்னக் கம்பெனியின் சரக்கை வண்டியில் கட்டிக்கொண்டு கடை கடையாகப் போகிறவர். சரக்கின் பெயர் மெலினா.

"பிரா விக்க வந்த மனுசன், பெட்டியத் தொறந்தா மேல சுத்துற காத்தாடியத்தேன் பாப்பாரு" என்றார் அக்கா. "துணி இப்படி, பட்டி அப்படின்னு அம்புட்டையும் காத்தாடிகிட்டச் சொல்லுவாரு. எனக்குச் சிரிப்பு அடங்காது."

மற்ற ஏஜெண்டுகள் சிவக்குமாரிடம் மட்டும் பேசிவிட்டுப் போவார்கள். ஆல்பின்தான், "விக்கிறது இவங்கதான? இவங்க பாத்துச் சொல்லட்டும்" என்று பெட்டிகளை முத்துமீனா பக்கம் நகர்த்தினார். பிஸ்கட் கம்பெனி, பவுடர் கம்பெனி என்று கடைக்கு வரும் எல்லா ஏஜெண்டையும் முத்துமீனா அண்ணே என்றுதான் கூப்பிடுவார். இவரை அப்படிக் கூப்பிட வாய் வரவில்லை. சார் என்றார். சரண்யாதேவிக்குக் காது கூர்மை.

"என்னடி, ஊர்ல உள்ள ஏஜெண்டெல்லாம் அண்ணே, இவரு மட்டும் சாரா?"

"படிச்சவருல்லக்கா."

"பவுடர் கம்பெனிக்காரனும் எம்.ஏ.தான்டி!"

மூன்றாம் முறை வந்தபோது, டீயில் பன்னைத் தோய்த்துக்கொண்டே ஆல்பின் ஒரு செய்தி சொன்னார். மேலூர்ப் பக்கம் விற்பனை போதவில்லை. தீபாவளிவரை பார்ப்பார்கள். அதற்கும் ஏறவில்லையென்றால் அவரைத் தேனிப் பக்கம் மாற்றிவிடுவார்கள். அங்கே பள்ளிக்கூடத்தில் டீச்சராக இருக்கும் அவர் அம்மாவும் வந்துவிடு என்றுதான் சொல்கிறாராம்.

மறுநாள் காலை கடை திறந்ததிலிருந்து முத்துமீனா வேலையைத் தொடங்கினார். தோளைத் தொட்டுக் காட்டிய ஒவ்வொரு பெண்ணிடமும், "இதுக்குப் பேரு மெலினாக்கா. சும்மா சத்தமாக் கேளுங்க, ஆம்பளைகளுக்கு ஒண்ணும் புரியாது" என்றார். ரெண்டு மூன்று அளவை எடுத்துப் போட்டுத் திரைக்குள் அனுப்பினார். சரியாகப் பொருந்தியதை வாங்கிப் போனவள் அக்காள் தங்கச்சியோடு வந்தாள். நாற்று நடுகிற இடத்தில் அந்தப் பெயர் போயிற்று, டவுன் பஸ்ஸில் போயிற்று. கூட்டம் நிற்கிற கடையில் வாசலிலிருந்தே, "முத்துமீனா, மெலினா இருக்கா?" என்று குரல் கொடுத்தார்கள். பக்கத்து டீக்கடை சோணை குழம்பிப்போனார்.

"யாரு தாயி அந்தப் புள்ள? நானும் பாக்குறேன், எல்லாப் பொம்பளைகளும் அவளத்தேன் தேடி வாராக. ஒருநாக்கூட கண்ணுல காணம்!"

தீபாவளி போயிற்று. ஆல்பினை மாற்றவில்லை. மாதாமாதம் வந்தார். முத்துமீனா அந்த நாளுக்கென்று ஒரு பச்சைச் சேலை வைத்திருந்தார். பேசியதெல்லாம் மழை, ரோடு, அவர் அம்மாவின் முழங்கால் வலி, அவ்வளவுதான். ஒருமுறை புறப்படும்போது, "மேலூர்ல ஓடுற வரைக்கும் என்னைய மாத்த மாட்டாங்க" என்றார்.

"அதச் சந்தோசமாச் சொன்னாரா, சும்மா சொன்னாரான்னு இன்னைக்கு வரைக்கும் பிடிபடல பாப்பா. வண்டிய ஸ்டார்ட் பண்ணிட்டுச் சொன்னாரு. சத்தத்துல மூஞ்சி தெரிஞ்சுச்சு, குரல் தெரியல."

அடுத்த வருஷம் சிவக்குமார் மதுரை மொத்தக் கடையிலிருந்து மலிவாக ஒரு சரக்கு இறக்கினார். மெலினா கேட்ட பெண்களுக்கு அதை எடுத்துக் கொடுத்தார். யாரும் பெட்டியைப் படிக்கவில்லை.

"அண்ணே, அது மெலினா இல்லண்ணே" என்றார் முத்துமீனா.

"கேக்குறவளே பேசாம வாங்கிட்டுப் போறா. ஒனக்கென்ன வந்துச்சு?"

ஆல்பினுக்கான ஆர்டர் பாதியானது. பிறகு அதிலும் பாதியானது. முத்துமீனா தான் கட்டியதைத் தானே பிரிக்கப் பார்த்தார். வருகிறவர்களிடமெல்லாம் முதலாளி காதில் விழாமல், "அது வேற கம்பெனிக்கா. மெலினான்னு பெட்டியில போட்டிருக்கும், அதக் கேட்டு வாங்குங்க" என்று சொல்லிப் பார்த்தார். வெள்ளலூரிலிருந்து வருகிற பாண்டியம்மாள் இடுப்பில் கையை வைத்துக்கொண்டு நின்றார்.

"ஏண்டி, இதுக்குப் பேரு மெலினான்னு எனக்குச் சொல்லிக் குடுத்ததே நீதேன். எங்க ஊரு முச்சூடும் நான் சொல்லி வச்சிருக்கேன். இப்ப வந்து இது மெலினா இல்லைங்குற. அப்ப இதுக்குப் பேரு என்னாங்குற?"



கடைசியாக ஆல்பின் வந்த அன்று நல்ல வெயில். சிவக்குமார், "இந்த மாசம் வேணாம் சார், பழைய சரக்கே கெடக்கு" என்று சொல்லிவிட்டுச் சாப்பிடப் போய்விட்டார். ஆல்பின் பெட்டிகளைத் திரும்பப் பைக்குள் அடுக்கிக்கொண்டிருந்தபோது ஒரு கல்லூரிப் பெண் வந்து மெலினா கேட்டாள். முத்துமீனா அசையவில்லை. சரண்யாதேவிதான் எழுந்து மதுரைச் சரக்கை எடுத்துக் கொடுத்தார். அவளும் வாங்கிக்கொண்டு போனாள். ஆல்பின் அதைப் பார்த்தார். சிரிக்க ஆரம்பித்தார். கண்ணில் தண்ணீர் வரும்வரை சிரித்தார்.

"பேரு ஊரெல்லாம் இருக்கு. சரக்குதான் இல்ல. யாருங்க பண்ணின வேலை இது?"

அவர் வழக்கமாகப் பார்க்கும் காத்தாடியை விட்டுவிட்டுத் தன்னைப் பார்த்துக் கேட்டார் என்கிறார் அக்கா. நான்தான், உங்களுக்காகத்தான் என்று சொல்ல அந்த ஒரு நிமிஷம் இருந்தது. சரண்யாதேவி பக்கத்திலேயே நின்றார். முத்துமீனா, "டீ சொல்லவா சார்?" என்றார்.

"இல்லீங்க, வெயில் ஏறுது."

அவர் தேனிப் பக்கம் போனார். கொஞ்ச காலத்தில் கம்பெனியும் மூடப்பட்டது என்று பவுடர் கம்பெனிக்காரர் வந்து சொன்னார். முத்துமீனாவுக்குக் கல்யாணம் ஆனது. கணவர் அருண்பாண்டி முன்பு கிரானைட் குவாரியில் வேலை பார்த்தார், இப்போது டிப்பர் லாரி ஓட்டுகிறார். குடிக்காத மனிதர், கடைக்கு வந்து மனைவியைக் கூட்டிப்போகிற மனிதர். அவரைப் பற்றி ஒரு குறையும் அக்கா என்னிடம் சொன்னதில்லை. ஒரே மகள், ஒன்பதாவது படிக்கிறாள்.

"காலையில குளிச்சுப்பிட்டு உள்ள இருந்து கத்துவா. யம்மா, என் மெலினாவ எங்க வச்சன்னு. தெனமும் இதேதேன். அவ அப்பாவும், அடியே, புள்ள மெலினா கேக்குதுல்ல, எடுத்துக் குடுன்னு சொல்லுவாரு. நான் அடுப்பு முன்னாடியே கொஞ்ச நேரம் நின்னுட்டுத்தேன் போவேன்."

"வேற பேரு சொல்லிக் குடுத்திருக்கலாமே அக்கா?"

"என்ன பேரு இருக்கு?" என்றார்.

போன வாரம் போயிருந்தேன். அடுத்து கம்பம், குமுளி என்று கிளம்பப்போவதாகச் சொன்னேன். வழியில் தேனியில் இறங்கி விசாரிக்கட்டுமா என்று கேட்டேன். டீச்சரம்மா மகன், ஆல்பின் என்று பெயர், கண்டுபிடிப்பது கஷ்டமாக இருக்காது.

அக்கா கையிலிருந்த வளையல் டஜனைக் கீழே வைத்தார்.

"பாத்தா என்னன்னு சொல்லுவீக?"

"மேலூர்ல இன்னும் மெலினாதான் கேக்குறாங்கன்னு சொல்லுவேன்."

அவர் முகம் ஒரு கணம் இருபது வயதுக்குப் போய்வந்தது. பிறகு தலையை ஆட்டினார்.

"வேணாம் பாப்பா. அவருக்கும் பொண்டாட்டி புள்ள இருக்கும். அதுவுமில்லாம, சரக்கு இன்னும் ஓடுதுன்னு நெனச்சு அந்த மனுசன் பையத் தூக்கிட்டு வந்தாலும் வந்துருவாரு."

நான் சிரித்தேன். அவரும் சிரித்தார். விடைபெற்று ரோட்டைக் கடந்து மதுரை பஸ்ஸுக்கு நின்றேன். கடையில் கூட்டம் சேர்ந்திருந்தது. அதை விட்டுவிட்டு அக்கா படியிறங்கி, சேலையைத் தூக்கிப் பிடித்துக்கொண்டு, வண்டிகளுக்கு நடுவே என்னிடம் வந்தார். மூச்சு வாங்கியது.

"தேனிக்கு என்னைக்குப் போறீக?" என்றார்.