போலகத்தில் போன நாலு நிமிடம்

என் பேத்தி கலையரசி ஒளிப்பதிவாளர். கல்யாண வீடுகளில் பிடிக்கிற கேமரா இல்லை; சூளையில் கல் அறுப்பவர்கள், சாக்கடையில் இறங்குபவர்கள் என்று ஒன்பது வருடமாக ஆவணப்படம் எடுக்கிறாள். அஞ்சாம் வகுப்போடு நின்ற நான், அவள் படங்களை வரிசையாகச் சொல்லுவேன்.

போன மாதம் ஒரு ஞாயிற்றுக்கிழமை அவளோடு போலகம் போனேன். நடவுப் பெண்களைப் பற்றி இரண்டு வருடம் எடுத்த படம் முடிந்து, ஒரு வாரத்தில் விழாப் போட்டிக்கு அனுப்ப வேண்டும். ஆனால் முகம் காட்டியவர்கள் முதலில் பார்த்துச் சரி சொல்ல வேண்டுமாம். அவள் பிடிவாதம் அது.

கோவில்பத்திலிருந்து எட்டரைக்குக் கிளம்பினோம். காரைக்கால் பேருந்து நிலையத்தில் நாற்பது நிமிடம் கால் கடுக்க நின்றோம். திருமலைராயன்பட்டினத்துக்கு ஆளுக்குப் பன்னிரண்டு ரூபாய். அங்கிருந்து ஆட்டோ.

"ரோடு கெடக்கற லெச்சணத்துக்கு நூத்தம்பது குடுங்கம்மா."

"ரோட்ட நானா போட்டேன்?" என்றேன். நூறுக்கு வந்தார்.

ஒரு வீட்டு டிவியில் வயரைச் செருகிப் படம் போட்டாள். பதினோரு பெண்கள்.

"அடியே, ஒன் கொண்டையப் பாரு, காக்கா கூடாட்டம்!"

"ஒன் வாய் மட்டும் என்னவாம், மூடவே இல்ல!"

அப்புறம் அந்த வீட்டுக்காரப் பெண் வரப்பில் உட்கார்ந்து பேசி அழுகிற நாலு நிமிடம் வந்தது. படத்தின் உயிரே அதுதான். சிரிப்பெல்லாம் நின்றது.

"கண்ணு, இத படத்துலேருந்து எடுத்துரும்மா," என்றார் அவர்.

"சரிங்கக்கா." அவ்வளவுதான். ஒரு பேச்சுக்குக்கூட யோசிக்கவில்லை இவள்.

எனக்குப் பொறுக்கவில்லை. "ஏன் தாயி, அழுவுறப்ப கேமரா கண்ணுக்குத் தெரியலியா?"

"தெரிஞ்சுது பெரியம்மா. அழுவணும்போல இருந்துச்சு, அழுதேன். அத ஊரே பாக்கணுமா?"

திரும்பும்போது பேருந்துக்கு நின்ற இடத்தில் பேத்தியைப் பிடித்துக்கொண்டேன். "ரெண்டு வருசம் சேத்துல நின்னியே, இப்ப எதடி போட்டிக்கு அனுப்புவ?"

"இருக்கறத அனுப்புவேன்."

"எந்த மகராசி ஒனக்கு இந்தச் சட்டத்தச் சொல்லிக் குடுத்தா?"

"நீதான், அப்பாயி."

கல்லூரியில் அவள் எடுத்த முதல் படம் என்னைப் பற்றியது. பள்ளிக்கூடத்தை விட்டு என்னை நிறுத்தியதைச் சொல்லும்போது அழுதுவிட்டேன். அதை அழித்தால்தான் சாப்பிடுவேன் என்று மறுநாள் உட்கார்ந்துகொண்டேன். அழித்தாள். அந்த வருடப் போட்டிக்கு அவளால் படம் கொடுக்க முடியவில்லை.

போலகம் போகிறவர்கள் ஞாயிற்றுக்கிழமையைத் தவிர்த்துவிடுங்கள், பேருந்து குறைவு. ஏறுமுன்பே ஆட்டோவுக்குப் பேசிக்கொள்ளுங்கள். குடிக்கத் தண்ணீர் எடுத்துப்போங்கள்.

இந்த எழுத்தைப் போடுமுன் வரப்பில் அழுத அந்தப் பெண்ணுக்குப் போனில் படித்துக் காட்டினேன். ஒரு வரியை எடுக்கச் சொன்னார். எடுத்துவிட்டேன். நல்ல வரி அது.