ரெண்டுல ஒண்ணு

ஒரு மனிதர் தமிழில் சொன்ன ஐந்து சொற்களை நான் இங்கிலீஷில் தவறாகச் சொன்னேன். அதனால் அவர் நான்கு மாதம் சிறையில் தூக்குத் தண்டனையை நினைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தார். என் மனைவியிடம்கூட இதை நான் முழுதாகச் சொன்னதில்லை.

ஆயிரத்துத் தொள்ளாயிரத்து இருபதுகளில் பினாங்கு போலீஸ் கோர்ட்டில் நான் தமிழ் மொழிபெயர்ப்பாளன். வெள்ளைக் கால்சட்டையும் கறுப்புக் கோட்டும் போட்டுக்கொண்டு, மாஜிஸ்திரேட்டுக்கும் கூண்டுக்கும் நடுவில் நிற்பது என் வேலை. என் இங்கிலீஷைப் பற்றி எனக்குக் கொஞ்சம் கர்வம் உண்டு.

அவர் சுங்கை பினாங் ஆற்றோரத்தில் துணி வெளுத்துக்கொண்டிருந்தவர். எங்கள் தெருவுக்கு அவர்தான் டோபி. ஒரு நாள் மாடி ஜன்னலிலிருந்து அவரை "டேய்" என்று கூப்பிட்டேன். அவர் மூட்டையை இறக்கி வைத்துவிட்டு நிமிர்ந்து பார்த்தார்.

"எனக்குன்னு பேரு இருக்கு சார். அது வாயில வரலன்னா அண்ணேன்னு கூப்பிடுங்க."

எதிர்க் கடையில் நின்றவர்கள் சிரித்தார்கள். நான் ஜன்னலைச் சாத்தினேன். அடுத்த வாரத்திலிருந்து வேறு டோபியிடம் துணி போட்டேன். விஷயம் அவ்வளவுதான், ஆனால் அந்தச் சிரிப்பு எனக்கு மறக்கவில்லை.

இரண்டு மாதம் கழித்து அவரைக் கைவிலங்கோடு கோர்ட்டுக்குக் கொண்டுவந்தார்கள். ஆற்றங்கரையில் பக்கத்துக் கல்லில் துவைக்கும் இன்னொரு டோபியோடு அவருக்குத் தகராறு. உலர்த்தும் இடத்துக்காக அந்த ஆள் இவருடைய கொடியைத் தள்ளித் தள்ளிவிட்டிருக்கிறான். வெளுத்த துணியெல்லாம் மூன்றாவது முறையாகச் சேற்றில் விழுந்த அன்று, இவர் கொடிக்கு முட்டுக் கொடுத்திருந்த மூங்கிலை உருவிக்கொண்டு போய் அவன் தோளில் ஒரு அடி அடித்தார். ஒரே ஒரு அடி. அவன் பாசியில் வழுக்கித் துவைகல்லில் தலை மோத விழுந்தான். அவனைத் துணி வண்டியில் ஏற்றி, ஆஸ்பத்திரி வரைக்கும் தள்ளிக்கொண்டு ஓடியவரும் இவர்தான். மறுநாள் அவன் செத்துப்போனான்.

சொல்ல விருப்பமிருந்தால் சொல்லலாம், சொல்வது உனக்கு எதிராகவும் போகலாம் என்று மாஜிஸ்திரேட் எச்சரித்தார். அதை நான் தமிழில் சொன்னேன். பிறகு, மூங்கிலை எடுத்தபோது மனசில் என்ன இருந்தது என்று கேட்டார்.

"மூணு தடவ என் துணிய சேத்துல தள்ளிட்டான். இன்னைக்கு ரெண்டுல ஒண்ணு பாத்துடலாம்னு போனேன்" என்றார் அவர்.

நான் மாஜிஸ்திரேட்டின் பக்கம் திரும்பினேன். இங்கிலீஷில் நான் சொன்னதைத் தமிழில் எழுதினால் இப்படி வரும்: "எங்கள் இருவரில் ஒருவர்தான் உயிரோடு இருக்க வேண்டும் என்று தீர்மானித்துப் போனேன்."

மாஜிஸ்திரேட்டின் பேனா நின்றது. அவர் கூண்டில் நின்றவரை ஒரு முறை ஏறிட்டுப் பார்த்தார், பிறகு எழுதினார். நல்ல வாக்கியம் என்று அந்த நொடியில் நான் நினைத்தது எனக்கு நினைவிருக்கிறது.

எழுதியதைக் குற்றம் சாட்டப்பட்டவருக்குத் திருப்பிப் படித்துக் காட்ட வேண்டும் என்பது விதி. நான் காகிதத்தைக் கையில் வைத்துக்கொண்டு, அதிலிருந்த இங்கிலீஷைப் பார்க்காமல், அவருடைய பேச்சையே அவரிடம் சொன்னேன்.

"ரெண்டுல ஒண்ணு பாத்துடலாம்னு போனேன்னு சொன்னே. சரிதானே?"

"ஆமாங்க, சரிதான்."

பெருவிரலில் மை தடவி ரேகை வைத்தார்.

ஒரு வாரம் போயிருக்கும். எங்கள் வீட்டுக்குப் பின்னால் நாலு குடும்பத்துக்கு ஒரே தண்ணீர்க் குழாய். என் மனைவி குடத்தை இடுப்பில் வைத்துக்கொண்டு கோபத்தோடு உள்ளே வந்தாள்.

"அந்தக் கடைசி வீட்டுக்காரி மறுபடியும் என் குடத்தத் தள்ளி வச்சிட்டா. இருங்க, இன்னைக்கு ரெண்டுல ஒண்ணு பாத்துடறேன்!"

வெளியே போய் இரைந்தாள், திரும்பி வந்து அரிசி களைந்தாள். நான் கையிலிருந்த பத்திரிகையை மடித்து வைத்துவிட்டேன். எனக்குத் தெரியாத பேச்சு இல்லை அது. நானே வாரத்தில் இரண்டு தடவை சொல்கிற பேச்சு. இனியும் பொறுக்க முடியாது, கேட்டே விடுகிறேன் என்பதற்கு மேல் அதில் ஒன்றுமில்லை. அப்படியிருக்க என் வாயில் எப்படி அந்த வாக்கியம் வந்தது?

மறுநாளே போய்ச் சொல்லியிருக்கலாம். வேலை போய்விடும் என்று பயந்தேன். வேலை போகாவிட்டாலும் மானம் போகும் என்று அதைவிடப் பயந்தேன். கேஸ் மேல்கோர்ட்டுக்குப் போய்விட்டது, அங்கே வேறு மொழிபெயர்ப்பாளர் பார்த்துக்கொள்வார் என்று எனக்கே சமாதானம் சொல்லிக்கொண்டேன்.

அவருடைய மனைவி வாரம் ஒரு முறை கோர்ட்டு வராந்தாவில் வந்து நிற்பாள். தமிழ் தெரிந்த கோட்டுக்காரர் நான் ஒருவன்தான்.

"ஐயா, அவரு வேணும்னு செய்யலன்னு உள்ள எழுதியிருக்காங்களா?"

"எழுதியிருக்கும்மா" என்றேன். ஒவ்வொரு வாரமும் அதையே சொன்னேன்.

விசாரணைக்குப் பத்து நாள் இருக்கும்போது என்னால் தாங்க முடியவில்லை. அவருக்காக வாதாட நியமித்திருந்த சீன வக்கீலைப் போய்ப் பார்த்தேன். அவசரத்தில் மொழிபெயர்த்தேன், அந்தப் பேச்சுக்கு வேறு பொருளும் உண்டு என்றேன். வக்கீல் கண்ணாடியைக் கழற்றிவிட்டு என்னைப் பார்த்தார்.

"அடித்தது உண்மை, அவன் செத்ததும் உண்மை. இரண்டையும் யாரும் மறுக்கவில்லை. கொல்ல நினைத்தாரா என்பதுதான் கேஸ். கொலை என்றால் தூக்கு. அந்த நினைப்புக்கு அரசாங்கத்திடம் இருக்கும் ஒரே சாட்சி உங்களுடைய ஒரு வரி. இவ்வளவு நாள் எங்கே போயிருந்தீர்கள்?"

சாட்சி சொல்ல வருகிறேன் என்று மட்டும் சொன்னேன்.

மேல்கோர்ட்டில் என்னைச் சாட்சிக் கூண்டில் ஏற்றினார்கள். ஏழு ஜூரிமார் வரிசையாக உட்கார்ந்திருந்தார்கள். அவர் எதிர்க் கூண்டில் இருந்தார். மிகவும் மெலிந்திருந்தார். என்னை விசாரித்தது முழுக்க இங்கிலீஷில் நடந்தது, அவருக்குப் புரிந்திருக்காது. தமிழர்கள் பேச்சில் இந்தச் சொற்களுக்கு, தகராறைத் தீர்த்துக்கொள்ளப் போனேன் என்றுதானே அர்த்தம் என்று வக்கீல் கேட்டார்.

ஆமாம், அப்படித்தான் என்று சொல்லியிருக்க வேண்டும். அப்படித்தான் என்றால், அன்று நான் சொன்னது முழுப் பொய் என்றாகும்.

"அப்படியும் பொருள் கொள்ளலாம்" என்றேன்.

நீதிபதி ஜூரிமாருக்கு நெடுநேரம் விளக்கினார். கை செய்ததை மட்டும் பார்த்தால் போதாது, செய்தபோது மனம் எதை நாடியது என்று பார்க்க வேண்டும், அதில் நியாயமான சந்தேகம் இருந்தால் கொலை என்று சொல்லக் கூடாது என்றார். ஜூரிமார் கொலை இல்லை என்றார்கள், ஆனால் சாவு வரக்கூடும் என்று தெரிந்தே அடித்திருக்கிறார் என்றார்கள். எட்டு வருஷம் தண்டனை. நான் 'அப்படித்தான்' என்று சொல்லியிருந்தால், காயப்படுத்திய குற்றத்தோடு ஓரிரு வருஷத்தில் வெளியே வந்திருப்பார் என்று வக்கீல் பிறகு சொன்னார். மரத்தூணில் சாய்ந்து நின்ற அவர் மனைவி, தூக்கு இல்லை என்று மட்டும் புரிந்துகொண்டு என்னைப் பார்த்துக் கையெடுத்துக் கும்பிட்டாள்.

நன்னடத்தைக்குக் கழிவு கொடுத்து ஆறாவது வருஷம் அவரை விட்டுவிட்டார்கள். ரப்பர் விலை விழுந்து, வேலையற்ற தமிழர்களைக் கப்பல் கப்பலாக ஊருக்கு அனுப்பிக்கொண்டிருந்த காலம் அது. சௌராஸ்தா பாசாரில் மீன் வாங்கிக்கொண்டிருந்தேன். பின்னாலிருந்து யாரோ "சார்" என்று கூப்பிட்டார்கள். தலை முழுக்க நரைத்திருந்தது. ஆனாலும் அவர்தான் என்று உடனே தெரிந்துகொண்டேன்.

"உங்களப் பாக்கணும்னு இருந்தேன். நீங்க கூண்டுல ஏறிச் சொல்லலன்னா நான் இல்ல. வக்கீல் சொன்னாரு. அடுத்த வாரம் கப்பல் ஏறுறோம். சொல்லிட்டுப் போலாம்னு."

நன்றியை வாங்கிக்கொண்டு போயிருக்கலாம். முதல் தடவையாக அதற்கு மனம் வரவில்லை.

"அண்ணே, அத மொதல்ல தப்பா சொன்னதே நான்தான். ரெண்டு பேர்ல ஒருத்தர்தான் உயிரோட இருக்கணும்னு நீங்க சொன்னதா சொல்லிட்டேன்."

அவர் என்னையே பார்த்தார். மீன்காரன் விலையைக் கத்திக்கொண்டிருந்தான்.

"வேணும்னே சொன்னீங்களா?"

ஜன்னலையும் அந்தச் சிரிப்பையும் நினைத்தேன். நல்ல வாக்கியம் என்று மகிழ்ந்ததையும் நினைத்தேன். எது முன்னால் வந்தது, எது பின்னால் வந்தது என்று என்னால் பிரிக்க முடியவில்லை.

"தெரியலண்ணே."

"என்னையும் இதத்தான் கேட்டாங்க" என்றார் மெதுவாக. "தெரியலன்னு நான் சொல்லியிருந்தா விட்டிருப்பாங்களா, சார்?"

குரலில் கோபம் இல்லை. திரும்பிக் கூட்டத்தில் நடந்து போய்விட்டார். அவர் சொன்ன அடுத்த வாரக் கப்பல் எந்த நாளில் கிளம்புகிறது என்று விசாரித்துத் தெரிந்துகொண்டேன். அன்றைக்கு எனக்குக் கோர்ட்டில் மூன்று வழக்குகள் இருந்தன. லீவு கேட்டிருந்தால் கொடுத்திருப்பார்கள். நான் கேட்கவில்லை.