உள்ளே ஓடினவன்

மார்ச் மாதம் பிறந்தால் லோவெல் ஹாகி ரேடியோவை அணைத்துவிடுவார். எங்கள் அயோவா பக்கத்தில் இது லேசான காரியம் இல்லை. பனி உருகி வயலெல்லாம் சேறாகக் கிடக்கிற மாதம் அது. உழவும் கிடையாது, விதைப்பும் கிடையாது. ஜனங்களுக்கு இருக்கிற ஒரே போக்கு கல்லூரிக் கூடைப்பந்துதான். காபிக் கடையில், தீவன மண்டியில், சர்ச் வாசலில், ஏன், சவ அடக்கத்தில்கூட எந்தக் கல்லூரி எந்தக் கல்லூரியை அடித்தது என்ற பேச்சுதான் ஓடும். அந்தப் பேச்சு ஆரம்பித்ததும் லோவெல் தொப்பியை எடுத்துக்கொண்டு எழுந்துவிடுவார். "மாடு காத்துக்கிட்டிருக்கும்" என்பார். ஒரு மாடும் காத்துக்கொண்டிருக்காது. அவருக்குச் சொந்தமாக மாடே கிடையாது.

பால் லாரி ஓட்டினார், வேலையை விட்டு ஓய்வு பெறுகிற வரைக்கும். பண்ணை பண்ணையாகப் போய்ப் பாலை ஏற்றிப் பாலாடைக்கட்டித் தொழிற்சாலையில் இறக்குகிற வேலை. விடிவதற்கு முன்னால் போனால் பண்ணைக்காரன் கறவையில் இருப்பான். கையைத் தூக்கிக் காட்டினால் போதும், பேச வேண்டாம். வேண்டுமென்றே தேடிப் பிடித்த வேலை அது. நடுவில் ஒரு பள்ளிக்கூட டீச்சர் இரண்டு வருஷம் ஞாயிற்றுக்கிழமை தவறாமல் அவரோடு உட்கார்ந்து சாப்பிட்டாள். "மனசுக்குள்ள எதையோ பூட்டி வச்சிருக்கே, என்கிட்ட சொன்னா என்ன?" என்று கேட்டுக் கேட்டுப் பார்த்தாள். மனிதர் வாயைத் திறக்கவில்லை. அவள் வேறு ஒருவரைக் கட்டிக்கொண்டு மினசோட்டா போய்விட்டாள். போகாமல் என்ன செய்வாள், பூட்டின கதவுக்கு முன்னால் எத்தனை நாள்தான் நிற்பாள்?

பூட்டி வைத்தது இதுதான். ஆயிரத்துத் தொள்ளாயிரத்து எழுபத்து நாலு, மார்ச். எட்டுச் சின்னக் கல்லூரிகள் தங்களுக்குள் ஆட்டம் ஆடிக்கொள்ளச் சேர்ந்த கூட்டு, கான்ஃபரன்ஸ் என்பார்கள். வருஷக் கடைசியில் டெமாய்ன் நகரத்துப் பெரிய அரங்கில் அவற்றுக்குள் சாம்பியன் போட்டி நடக்கும். லோவெலின் கல்லூரி அதுவரை ஜெயித்ததே இல்லை. அந்த வருஷம் கெய்லன் என்று ஒரு கெட்டிக்காரப் பையன் வந்து சேர்ந்தான். அவன் புண்ணியத்தில் இறுதி ஆட்டம் வரை வந்துவிட்டார்கள். ஊரே பஸ் பிடித்துப் பின்னால் வந்திருந்தது.

லோவெல் மாற்று ஆட்டக்காரன். உயரம் உண்டு, திறமை மட்டு. பெஞ்சின் கடைசியில் வெர்லின் என்ற இன்னொரு உதவாக்கரைக்குப் பக்கத்தில் உட்கார்ந்து, இருவருமாக அந்த வருஷம் முழுக்கத் துண்டைச் சுழற்றிக் கத்தியதுதான் அவர்கள் ஆடின ஆட்டம்.

கடைசிக் கணத்தில் கெய்லன் எங்கிருந்தோ எறிந்த பந்து வளையத்தில் விழுந்தது. ஒரு புள்ளி முன்னிலை. கடிகாரத்தில் இன்னும் ஒரே ஒரு வினாடி பாக்கி. அந்த நேரம் பார்த்து மேலே உட்கார்ந்திருந்த யாரோ ஒரு மகராசன், பண்ணையிலிருந்து கொண்டுவந்த காற்று ஹாரனை ஓங்கி அடித்தான். லோவெலின் காதில் அது ஆட்டம் முடிந்த சங்காக விழுந்தது. கையை விரித்துக்கொண்டு மைதானத்துக்குள் ஓடினான். மூன்று அடி. நான்காவது அடி வைப்பதற்குள் நடுவரின் விசில். ஆட்டம் முடியாமல் பெஞ்சில் இருப்பவன் கோட்டைத் தாண்டக் கூடாது. தாண்டினால் எதிரணிக்கு, யாரும் குறுக்கே நின்று தடுக்காத இரண்டு இலவச எறி. இரண்டையும் போட்டான் அந்தப் பாவி. ஒரு புள்ளியில் தோல்வி. கைக்கு எட்டியது வாய்க்கு எட்டவில்லை.

ஜெயித்தவர்கள் ஏணி வைத்து ஏறி, வளையத்து வலையை ஆளுக்கு ஒரு இழையாகக் கத்தரித்துக்கொள்வது இங்கே வழக்கம். அதை லோவெல் நடைவழியில் நின்று பார்த்தான். உடை மாற்றும் அறையில் கோச் ஒரு வார்த்தைதான் சொன்னார். "எவன்னு எனக்குச் சொல்லாதீங்க. தெரிஞ்சா வாழ்நாள் பூரா அவனை வெறுத்துடுவேன்." ஞாயிற்றுக்கிழமை காலை லோவெல் பெட்டியைக் கட்டிக்கொண்டு பஸ் ஏறினவன்தான். படிப்பும் போயிற்று, சிநேகமும் போயிற்று.

ஊர்வாயை மூட உலைமூடி இல்லை என்பார்கள். இவர் விஷயத்தில் ஊர் வாயே திறக்கவில்லை. ஒருவரும் ஒன்றும் கேட்டதில்லை. குற்றமுள்ள நெஞ்சுக்கு அதுவே போதுமே! கேட்காததையெல்லாம் இரக்கம் என்று நினைத்தார், பேசாததையெல்லாம் வெறுப்பு என்று நினைத்தார். எல்லாவற்றுக்கும் மேலே கெய்லனின் முகம். அந்த ஒரு எறிக்காகவே பிறந்தவன் மாதிரி எறிந்தானே, அதைக் குப்பையில் போட்டது நான்தானே என்று ஒற்றை ஆளாக ஐம்பது வருஷம் அரைத்துக்கொண்டிருந்தார்.

ஐம்பதாவது வருஷம், ஜனவரியில், அதே கெய்லன் தொலைபேசியில் கூப்பிட்டான்.

"டேய் லோவெல்! உயிரோட இருக்கியாடா?"

லோவெல் ரிசீவரைக் காதிலிருந்து எடுத்து ஒரு தடவை உற்றுப் பார்த்தார்.

"என்னடா சத்தத்தையே காணோம்? நான்தான், கெய்லன். பிப்ரவரில நம்ம டீமைக் கூப்பிட்டு காலேஜ்ல மரியாதை பண்றாங்களாம். தோத்தவனுக்கு என்ன மரியாதைன்னு கேட்டேன். அதுக்கப்புறமும் எவனும் ஜெயிக்கலையாம், நாமதான் பெருமையாம்! வெர்லின் போயிட்டான்டா, கிறிஸ்துமஸுக்கு முன்னாடி. அவனுக்காகவாவது வந்துடு."

வருகிறேன் என்று சொல்லிவிட்டார். அன்றைக்கே முடிவும் செய்துவிட்டார். கெய்லன் முகத்துக்கு நேரே, எல்லோரும் கேட்க, "அன்னிக்கு உள்ள ஓடினது நான்தான், மன்னிச்சுடு" என்று சொல்லிவிட வேண்டும். அடித்தாலும் சரி, துப்பினாலும் சரி. சாவதற்குள் சொல்லிவிட்டால் போதும். சவரம் செய்யும்போது சொல்லிப் பார்த்தார், முட்டை பொரிக்கும்போது சொல்லிப் பார்த்தார். ஒவ்வொரு தடவையும் 'நான்தான்' என்ற இடம் வந்ததும் விட்டுவிட்டு முதலிலிருந்து ஆரம்பித்தார்.

பிப்ரவரியில் ஒரு சனிக்கிழமை மத்தியானம், ஆட்டத்துக்கு முன்னால், கல்லூரி அரங்கத்து மாடியில் விருந்து. வெண்ணெய் தடவின பன்னில் பன்றித்தொடைக் கறி, உருளைக்கிழங்கு சாலட், யாரும் தொடாத பச்சை ஜெல்லி, கொதிக்கக் கொதிக்கக் காபி. ஒன்பது கிழவர்கள். லோவெலைப் பார்த்ததும் கட்டிப்பிடித்தார்கள், முதுகில் அறைந்தார்கள். "தலைமயிரெல்லாம் எங்கடா? பாலோட கலந்து வித்துட்டியா?" என்று சிரித்தார்கள். இந்தச் சிரிப்பெல்லாம் இன்னும் கொஞ்ச நேரத்துக்குத்தான் என்று லோவெல் நினைத்துக்கொண்டார். தட்டைக் கீழே வைத்துவிட்டு எழுந்து நின்றார். தொண்டையைச் செருமினார்.

அதற்குள் கெய்லன் எழுந்துவிட்டான். விதை வியாபாரம் செய்து செய்து குரல் நாலு வயலுக்குக் கேட்கும். "அந்தக் கதையைச் சொல்லாம எப்படி? வெர்லின் இருந்தா அவனே சொல்லுவான். மார்லிஸ், நீ சொல்லும்மா."

மார்லிஸ் வெர்லினின் மனைவி. ஒல்லியான பெண்மணி, கணவரின் பழைய கல்லூரி மேலங்கியைத் தோளில் போட்டுக்கொண்டிருந்தாள். "எனக்கு அவர் மாதிரி சொல்ல வராது" என்று ஆரம்பித்தாள். "'மார்லிஸ், அந்த சீசன் முழுக்க நான் ஆடினது மூணே அடி. அந்த மூணு அடியிலேயே டீமைத் தோக்கடிச்சேன். வேற எவனால முடியும்?' அப்படீம்பார். எவனோ ஹாரன் அடிச்சானாம், இவர் கையை விரிச்சுக்கிட்டு உள்ள ஓடினாராம்..."

கிழவர்கள் மேசையைத் தட்டிச் சிரித்தார்கள். "அவசரக்குடுக்கை!" என்று ஒருவர் கண்ணைத் துடைத்துக்கொண்டார்.

லோவெல் நின்றது நின்றபடி இருந்தார். யாரோ தப்பாகச் சொல்கிறார்கள், இப்போது யாராவது திருத்துவார்கள் என்று ஒவ்வொரு முகமாகப் பார்த்தார். ஒருவரும் திருத்தவில்லை.

"வெர்லினா?" என்றார், மெதுவாக, கெய்லனிடம்.

"பின்ன யாரு? ஓ, நீதான் மறுநாளே போயிட்டியே! உங்கப்பாவுக்கு உடம்பு சரியில்லைன்னு நினைச்சோம். திங்கக்கிழமை எல்லாரையும் நிக்க வச்சு எவன்டா அதுன்னு கேட்டேன். எல்லாருக்கும் ஒரே மேல்சட்டை, எல்லாரும் பந்தைப் பார்த்துக்கிட்டு இருந்தோம், எவனுக்குத் தெரியும்? கொலைவெறியில இருந்தேன்டா. இவன் கையைத் தூக்கி, 'நான்தான், அடிச்சுக்கோ'ன்னு முன்னாடி வந்து நின்னான். ரெண்டு அறை விட்டேன். அப்புறம் ரெண்டு பேரும் அழுதோம். அப்புறம் பீர் குடிக்கப் போனோம். அன்னிலேர்ந்து அவன்தான்டா எனக்கு எல்லாம். என் பையனுக்கு ஞானத்தகப்பனே அவன்தான்."

இரண்டு அறை. ஒரு பீர். அவ்வளவுதானா விலை? லோவெலுக்கு நெஞ்சைப் பிடித்துக்கொண்டு ஓவென்று கத்த வேண்டும்போல இருந்தது. அந்த வெர்லின் பயல் எதற்காக அப்படிச் சொன்னான்? சிநேகிதனைக் காப்பாற்றவா, ஒன்றுமில்லாத தனக்கும் ஒரு கதை கிடைக்கட்டும் என்றா? கேட்க ஆள் இல்லை. இவர் முகத்தை மூடிக்கொண்டு ஒளிந்து கிடந்த அதே மூன்று அடியை அவன் ஊர் ஊராகச் சொல்லிச் சிரித்து, சிநேகிதர்களோடு வாழ்ந்துவிட்டுப் போய்விட்டான்.

சரி, போகட்டும். இப்போதாவது சொல்லிவிடலாம் என்று வாயைத் திறக்கிறபோது மார்லிஸ் அவர் பக்கத்தில் வந்து நின்றாள்.

"நீங்கதானே லோவெல்? அவர் பக்கத்துல உக்காந்திருந்தவங்க?"

"ஆமா."

"உங்களைத்தான் தேடிக்கிட்டிருந்தேன்" என்றாள். குரலைத் தாழ்த்தவில்லை, எல்லோருக்கும் கேட்டது. "ஆஸ்பத்திரியில கடைசி நாள், மருந்து மயக்கத்துல, 'மார்லிஸ், நான் உள்ள ஓடவே இல்ல'ன்னு சொன்னார். அதுலேர்ந்து எனக்குத் தூக்கமே இல்லைங்க. கல்யாணம் ஆன நாளா இந்தக் கதையைத்தான் சொல்லிக்கிட்டிருந்தார். இதுவே பொய்யின்னா, இன்னும் எதெது பொய்யோன்னு மனசு எங்கெங்கோ போகுது. நீங்க கண்ணால பார்த்திருப்பீங்க. ஓடினாரா இல்லையா?"

கெய்லன்கூடக் காபிக் கோப்பையைப் பிடித்தபடி பார்த்தான். இவ்வளவு தூரம் காரோட்டி வந்து எதைச் சொல்ல நின்றாரோ, அதையே கேள்வியாக அவர் கையில் கொடுத்துவிட்டாள். 'நான்தான்' என்று ஒரு சொல் போதும். அந்தக் கெய்லனின் அறையையும் கண்ணீரையும் இன்றைக்காவது வாங்கிக்கொள்ளலாம். லோவெல் அவள் கண்ணைப் பார்த்தார். தூக்கம் கெட்ட கண் எப்படி இருக்கும் என்று அவருக்குத் தெரியாதா என்ன?

"ஓடினான்" என்றார். "சட்டையைப் பிடிச்சு இழுத்தேன். அந்தக் கழுதை எங்க கேட்டான்?"

அறை குலுங்கச் சிரிப்பு. மார்லிஸ் சிரித்தாள், உடனே அழுதாள், அவர் கையை இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டாள். "டேய், நீ மட்டும் இன்னும் கெட்டியா இழுத்திருந்தா நாம சாம்பியன்டா!" என்று கெய்லன் அவர் தோளில் ஒரு அறை விட்டான். செல்ல அறைதான்.

அன்றைய ஆட்டத்தின் இடைவேளையில் எல்லோரையும் மைதானத்தின் நடுவே வரிசையாக நிறுத்தினார்கள். ஒலிபெருக்கியில் பெயர்கள் வந்தன. "லோவெல் ஹாகி" என்றபோது மரியாதைக்கு நாலு கைதட்டல். "வெர்லின், நம்ம ஊரின் புகழ்பெற்ற அவசரக்காரர்!" என்றபோது அரங்கமே எழுந்து சிரித்துக் கைதட்டியது. அவன் இடத்தில் நின்ற மார்லிஸ் கையை உயர்த்திக் காட்டினாள்.

லோவெலும் தட்டினார். ஓங்கி, உள்ளங்கை சிவக்கத் தட்டினார். அரங்கம் ஓய்ந்த பிறகும், மற்றவர்கள் கலைந்து நடக்க ஆரம்பித்த பிறகும் தட்டிக்கொண்டே நின்றார். பையன்கள் பந்தோடு உள்ளே வந்துவிட்டார்கள். "போதும், வாங்க. ஆட்டம் ஆரம்பிக்கப் போகுது" என்று மார்லிஸ்தான் அவர் சட்டைக் கையைப் பிடித்து இழுத்து, கோட்டுக்கு வெளியே கூட்டிக்கொண்டு போனாள்.