உப்புநீருக்கு வாங்கிய விருது

வேளாங்கண்ணி பேருந்தில் என் பக்கத்தில் உட்கார்ந்திருந்த பெண்ணுக்கு ஐம்பது வயதிருக்கும். மடியில் ஒரு கேடயம் வைத்திருந்தார். திருவாரூரில் பேருந்து நின்றபோது இறங்கிப்போய், குழாய்த் தண்ணீரை ஒரு சொட்டு நாக்கில் வைத்துப் பார்த்துவிட்டு வந்தார்.

"எங்க போனாலும் இந்தப் பழக்கம்," என்றார்.

நிலவியல் பேராசிரியராம். கடலோர ஊர்களின் நிலத்தடியில் உப்புநீர் ஏறுவதைக் கண்டறிந்ததற்காக, பல்கலைக்கழகம் அன்று காலைதான் அவருக்கு விருது கொடுத்திருந்தது.

"வீட்ல ரொம்ப சந்தோஷப்படுவாங்களே?" என்றேன்.

"ஆராய்ச்சி பண்ணதே எங்க ஊர்லதாங்க. அதுக்கப்புறம் அங்க புதுசா போர்வெல் போட அரசாங்கம் விடல. அண்ணன் அன்னிக்கு என்கிட்ட பேச்ச நிறுத்துனவர்தான்."

"அப்ப இப்ப எங்க போறீங்க?"

"அவர் வீட்டுக்குத்தான். மாசாமாசம் அவரோட பழைய போர்வெல் தண்ணியச் சோதிக்கணுமே."

"எடுக்க விடுவாரா?"

"என்னைப் பார்த்ததும் மோட்டாரப் போட்டுட்டு உள்ள போயிடுவாருங்க."

அவருடைய நிறுத்தத்தில் அவர் ஒருவர்தான் இறங்கினார். அந்த அண்ணனை நினைத்துக் கோபப்படுவதா, நெகிழ்வதா என்று எனக்கு இன்றும் தெரியவில்லை.