சூடு ஆறிய பொட்டலம்

பீரோவில் புடவைகளுக்கு அடியில் ஒரு சின்னப் பொட்டலம் வைத்திருக்கிறேன். உள்ளங்கை அகலம்தான் இருக்கும். வெள்ளைத் துணி மாதிரி ஓர் உறை, அதன்மேல் எனக்குப் படிக்கத் தெரியாத ஜப்பான் எழுத்து. உள்ளே இருப்பது இரும்புத்தூள் என்று சொன்னார்கள். மேலே இருக்கிற பிளாஸ்டிக்கைக் கிழித்துக் காற்றுப் படவிட்டால் அது தானாகச் சூடேறும். ஒரு பகல் பொழுது சூடாகவே இருக்கும். அப்புறம் ஆறி, தூள் இறுகிக் கல்லாகிவிடும். இப்போது கல்லாகத்தான் இருக்கிறது. இதை என் கையில் வைத்து அழுத்தியவர் கியோட்டோ என்கிற ஊரில் எங்களுக்குச் சுற்றிக் காட்ட வந்த கைடு அம்மா. அவரோடு நான் இருந்தது ஒரு காலைப்பொழுது. அவர் பேர்கூட என் வாயில் நுழையவில்லை. ஆனாலும் என் மகனை நினைக்கும்போதெல்லாம் அந்த அம்மாவின் முகம்தான் முன்னால் வந்து நிற்கிறது.

நான் அஞ்சாவது வரைக்கும் படித்தவள். நாலு பேர் இருக்கிற இடத்தில் வாயைத் திறந்து பேசிப் பழக்கமில்லை. திண்டிவனத்துக்கு மேற்கே ஒரு கிராமத்துக் காலனியில் பிறந்து, அதே காலனியில் வாழ்க்கைப்பட்டு, இருபத்தெட்டு வயசில் தாலியறுத்தேன். அப்புறம் ஊர்ப் பள்ளிக்கூடத்தில் சத்துணவு ஆயா வேலை கிடைத்தது. ஆயா என்றால் சமைக்கிற வேலை இல்லை. சமைக்கிற அம்மா ஊர்த்தெருக்காரர். அவர் வராத நாளில்கூடக் கரண்டியை என்னிடம் கொடுக்க மாட்டார்கள். நான் தொட்டால் ஊர்ப்பிள்ளைகள் சாப்பிட மாட்டார்கள் என்று பெரியவர்கள் சொல்லிவிட்டார்கள். நான் பெருக்குவேன், தண்ணீர் எடுப்பேன், அண்டாவைச் சாம்பல் போட்டுத் தேய்ப்பேன், பிள்ளைகள் சாப்பிட்ட தட்டுகளைக் கழுவுவேன். என் மகன் அதே பள்ளிக்கூடத்தில்தான் படித்தான். சாப்பிட்டு முடித்து, எல்லாப் பிள்ளைகளோடும் வரிசையில் வந்து, எல்லாரையும் போலவே தட்டை என் முன்னால் வைத்துவிட்டு, "ஆயா, இந்தா" என்பான். வீட்டுக்கு வந்தால் அம்மா, பள்ளிக்கூடத்தில் ஆயா. ஒருநாள் சமைக்கிற அம்மா அதைக் கேட்டுவிட்டு, "இன்னாடி, பெத்த புள்ளையே ஆயான்னு கூப்பிட்டுக்கினு போவுது. விவரமான புள்ளதான் பெத்திருக்க" என்று சிரித்தார். நானும் சிரித்தேன். விவரமான பிள்ளை என்று அன்றைக்கு எனக்குப் பெருமையாகத்தான் இருந்தது.

அவன் விவரமாகவே வளர்ந்தான். திண்டிவனத்தில் மேல்படிப்பு, சென்னையில் காலேஜ், பிறகு கம்பெனி, பிறகு ஜப்பான். கம்பெனியிலேயே ஒரு பெண்ணைப் பார்த்துக் கட்டிக்கொண்டான். எனக்கு விழுப்புரத்தில் ஒரு மாடிவீடு பார்த்துக் குடிவைத்தான். ஆஸ்பத்திரி பக்கம், தண்ணீர் கஷ்டம் இல்லை, ஷேர் ஆட்டோ வாசலிலேயே நிற்கும் என்று காரணம் சொன்னான். எல்லாம் சரிதான். வருஷத்துக்கு ஒருமுறை வரும்போது இங்கே வருவான், இரண்டு நாள் இருப்பான், போய்விடுவான். காலனியில் அவனைத் தூக்கி வளர்த்த என் நாத்தனார், "உன் புள்ளைக்கு ரோடு மறந்துபோச்சா?" என்று கேட்பாள். நான் லீவு இல்லை என்பேன்.

போன வருஷம் குளிர்காலம் தொடங்குகிற சமயத்தில், ஒரு மாசம் வந்து இரும்மா என்று கூட்டிக்கொண்டு போனான். அங்கே பேத்திக்குப் பள்ளிக்கூடம், மருமகளுக்கு வேலை. பகலெல்லாம் ஜன்னலில் உட்கார்ந்திருப்பேன். ஒருநாள் அவன் லீவு போட்டுவிட்டு, பழைய தலைநகரம் ஒன்று இருக்கிறது, காட்டுகிறேன் வா என்று ரயிலில் அழைத்துப் போனான். நமக்கு மட்டும் தனியாக ஒரு கைடு வைத்திருக்கிறேன் என்றான். எனக்குச் சந்தோஷம் தாங்கவில்லை. கோயிலுக்குப் போவதைவிட, அவன் அரைநாள் என் பக்கத்திலேயே நடப்பான் என்பதுதான் சந்தோஷம்.

ஸ்டேஷன் வாசலில் அந்த அம்மா காத்திருந்தார். அறுபதைத் தாண்டியிருக்கும். குட்டையாக வெட்டிய நரைமுடி, தோளில் ஒரு துணிப்பை. எங்களைக் கண்டதும் கையிலிருந்த போனைப் பார்த்து "வணக்கம்" என்று எழுத்தெழுத்தாகச் சொல்லிவிட்டு, வாயைக் கையால் மூடிக்கொண்டு சிரித்தார். என் மகனிடம் இங்கிலீஷில் பேசினார், அவன் எனக்குத் தமிழில் சொன்னான். அந்த அம்மா நேராக நடக்க மாட்டார். பாதி உடம்பைத் திருப்பிக்கொண்டு, நான் வருகிறேனா என்று பார்த்துப் பார்த்து நடப்பார். என் மகன் எங்கள் இரண்டு பேருக்கும் முன்னால் போனான்.

முதல் கோயிலுக்கு மேடேறிப் போனோம். மரமெல்லாம் சிவப்பாக நின்றது. பெரிய மரக்கதவு, உள்ளே கூழாங்கல் பரப்பிய முற்றம். அவர்கள் இரண்டு பேரும் உள்ளே போய்விட்டார்கள். நான் கதவுக்கு இந்தப் பக்கம் செருப்பைக் கழற்றிவிட்டு, ஓரமாக, கையைக் கட்டிக்கொண்டு நின்றுவிட்டேன். யோசித்து நிற்கவில்லை. எங்கள் ஊர் மாரியம்மன் கோயிலில் நாங்கள் நிற்கிற இடம் அதுதான். கால் தானாக நின்றுவிட்டது. என் மகன் திரும்பி வந்தான். "இன்னாம்மா, இங்கயே நின்னுக்கினு இருக்க?"

"உள்ள உடுவாங்களாடா?" என்று கேட்டேன்.

அவன் முகம் கறுத்துவிட்டது. "மானத்த வாங்காத, வா" என்று பல்லுக்குள் சொன்னான். கைடு அம்மா ஏதோ கேட்டார், முழங்கால் வலி என்று அவன் சொன்னது எனக்கே புரிந்தது. தன் முழங்காலைத் தொட்டுக் காட்டித்தான் சொன்னான். அந்த அம்மா வந்து என் கையைப் பிடித்தார். கை சில்லிட்டிருப்பதைப் பார்த்துவிட்டுப் பையிலிருந்து இந்தப் பொட்டலத்தை எடுத்து, பிளாஸ்டிக்கைக் கிழித்து, நன்றாகக் கசக்கி, என் உள்ளங்கையில் வைத்து மூடினார். மூடிய கையை உடனே விடவில்லை. வெடித்துக் காய்த்துப்போன என் விரல்களைக் கட்டைவிரலால் தடவிப் பார்த்தார். அப்படியே கையைப் பிடித்து உள்ளே கூட்டிப்போனார். என் வாழ்நாளில் ஒரு கோயில் வாசலைத் தாண்ட என் கையைப் பிடித்து அழைத்தவர் அவர் ஒருவர்தான்.

உள்ளே ஒரு மரத்தாழ்வாரத்தில் உட்கார்ந்து தோட்டத்தைப் பார்த்தோம். அந்த அம்மா என்னைக் காட்டி என் மகனிடம் ஏதோ கேட்டார். நான் என்ன வேலை செய்தேன் என்று கேட்கிறாராம். "பள்ளிக்கூடத்துல சத்துணவு ஆயான்னு சொல்லு" என்றேன். சொல்லும்போது எனக்குக் கூச்சம் இல்லை. அந்தச் சம்பளத்தில்தான் அவன் படித்தான். அவன் தோட்டத்தைப் பார்த்துக்கொண்டே பேசினான். அதில் ஸ்கூல் என்று வந்தது, டீச்சர் என்று வந்தது. அந்த அளவு இங்கிலீஷ் எனக்கும் தெரியும். கைடு அம்மா சட்டென்று நிமிர்ந்து உட்கார்ந்து, இரண்டு கையையும் தொடையில் வைத்து எனக்குத் தலைகுனிந்து வணங்கினார். அவர்கள் ஊர்க் கும்பிடு அதுதான். நான் திரும்பக் கும்பிடவில்லை. அது வேறு யாருக்கோ வந்த கும்பிடு. பொட்டலம் மட்டும் கையில் சுட்டுக்கொண்டே இருந்தது.

பிறகு கல் பாவிய ஒரு குறுகலான தெருவில் இறங்கினோம். இரண்டு பக்கமும் பழைய மரவீடுகள். அதில் ஒன்று, வெளியூர்க்காரர்கள் வந்து தங்குகிற சத்திரம் மாதிரியான வீடு. அதன் முன்னால் அந்த அம்மா நின்று, வீட்டின் பின்பக்கமாகக் கை நீட்டிக் காட்டி நிறையப் பேசினார். பேசும்போது கையால் எதையோ தேய்க்கிற மாதிரி காட்டினார். எந்த ஊராக இருந்தாலும் அந்தத் தேய்ப்பு எனக்குத் தெரியாதா?

"இன்னாடா சொல்றாங்க?"

"அவங்க அம்மா இங்கதான் வேலை செஞ்சாங்களாம்."

"இன்னா வேலையாம்?"

அவன் வாட்சைப் பார்த்தான். "பாத்திரம் கழுவுற வேலை. கடைசி வரைக்கும் அதான் செஞ்சாங்களாம். அவங்க கையும் உன் கை மாதிரிதான் இருக்குமாம்" என்றான்.

இப்போது சொல்லிவிடுவான் என்று நினைத்தேன். இதைவிட நல்ல இடம் அவனுக்குக் கிடைக்காது. அந்த அம்மா தன் தாயைப் பற்றி முன்பின் தெரியாத எங்களிடம், நடுத்தெருவில், சிரித்த முகத்தோடு சொல்லிவிட்டு நிற்கிறார்.

"அப்படின்னா எங்க அம்மாவும் அந்த வேலைதான் செஞ்சாங்கன்னு சொல்லுடா."

"கம்முனு வாம்மா."

"சொல்லுடா. அவங்க தப்பா நெனைக்க மாட்டாங்க."

"டைம் ஆவுது, வா" என்று அவன் முன்னால் நடந்தான். அந்த அம்மா எங்கள் இரண்டு பேர் முகத்தையும் மாறி மாறிப் பார்த்தார். நானும் கையால் தேய்த்துக் காட்டியிருக்கலாம். ஆனால் பெற்ற பிள்ளையைப் பொய்யன் என்று காட்டிக்கொடுக்க எனக்குக் கை எழவில்லை. ஸ்டேஷனில் விடைகொடுக்கும்போது அந்த அம்மா இடுப்புவரை குனிந்தார். டீச்சர்களுக்கு இங்கே ரொம்ப மரியாதை என்று என் மகன் எனக்கு விளக்கம் சொன்னான்.

ரயிலில் ஏன்டா என்று ஒரே ஒரு தடவை கேட்டேன். உனக்காகத்தான் சொன்னேன், உன்னை யாரும் இளக்காரமாகப் பார்க்கக் கூடாது என்றான். இளக்காரமாகப் பார்த்தது யார் என்று நான் கேட்கவில்லை. ராத்திரி பார்த்தபோது பொட்டலம் ஆறியிருந்தது. "அதுல இனிமே சூடு வராதும்மா, தூக்கிப்போடு" என்றான். நான் பெட்டிக்குள் வைத்துக்கொண்டேன்.

அந்த ஒரு நாளைக்கு, அந்த ஓர் அம்மாவிடம் சொன்ன பொய் என்றுதான் ஊருக்கு வந்த பிறகும் நினைத்துக்கொண்டிருந்தேன். இந்த வருஷம் கோடையில் ஒரு ஞாயிற்றுக்கிழமை போனில் பேத்தி ஒரு படத்தைக் காட்டினாள். பள்ளிக்கூடத்தில் தாத்தா பாட்டியைப் படம் வரைந்து வரச் சொன்னார்களாம். கரும்பலகை, அதன் பக்கத்தில் புடவை கட்டிய ஒரு பொம்பளை, கையில் பிரம்பு. "பாட்டி, இது நீங்க. எந்த கிளாஸ் டீச்சர் நீங்க?" என்றாள். என் மகனின் கை அவள் நாற்காலிமேல் இருந்தது. அவன் முகம் தெரியவில்லை. ஆக, தன் வீட்டிலேயே எனக்குப் பதிலாக வேறொருத்தியைத் தாயாக வைத்திருக்கிறான். கைடு அம்மாவிடம் வாய்மூடி இருந்தேன். இந்தப் பிள்ளையிடமும் இருந்தால் நான் செத்த பிறகு அந்தப் பிரம்புக்காரிதான் இருப்பாள், நான் இருந்ததே இல்லாமல் போய்விடும்.

"டீச்சர் இல்ல கண்ணு" என்றேன். "பாட்டி ஸ்கூலப் பெருக்கினேன். புள்ளைங்க தின்ன தட்டெல்லாம் கழுவினேன். உங்கப்பன் தட்டும் நான்தான் கழுவினேன்."

"அப்பா தட்டா?" என்று அவள் சிரித்தாள். நல்ல சிரிப்பு. இளக்காரம் கலக்காத சிரிப்பு. அப்புறம் போனில் வீட்டுக் கூரை தெரிந்தது, பிறகு ஒன்றும் தெரியவில்லை. சிக்னல் போய்விட்டது என்று மறுநாள் அவன் மெசேஜ் அனுப்பியிருந்தான்.

இப்போதும் ஞாயிறு தவறாமல் போன் வருகிறது. அவன் மட்டும்தான் பேசுகிறான். சாப்பிட்டாயா, மாத்திரை போட்டாயா என்று விசாரிக்கிறான். பேத்தி நீச்சலுக்குப் போயிருக்கிறாள், சிநேகிதி வீட்டுக்குப் போயிருக்கிறாள். இன்றைக்குக் காலையில் பீரோவைத் திறந்து இந்தப் பொட்டலத்தை எடுத்துக் கசக்கிப் பார்த்துக்கொண்டிருந்தேன், அப்போதுதான் போன் அடித்தது. ஒரு கையில் போன், ஒரு கையில் அந்தக் கல்.

"பாப்பா எங்கடா?"

"தூங்குறாம்மா."

இங்கே காலை பத்து மணி என்றால் அங்கே உச்சி தாண்டிய வெயில். ஒரு மாசம் அந்த ஜன்னலில் உட்கார்ந்திருந்தவளுக்கு அது தெரியும். அவனுக்குப் பின்னால் குழந்தை ஏதோ பாடுகிற சத்தமும் கேட்டது.

"சரி, தூங்கட்டும்" என்றேன்.